ஒரு நிமிடத்தில் எத்தனை மூச்சு?

காய்ச்சலை வெப்பமானியாலும் இரத்த அழுத்தத்தைக் கருவியாலும் வீட்டிலேயே அளந்துகொள்ளும் இக்காலத்தில், கடிகாரம் ஒன்றே போதுமான மூச்சு வீதம், அதாவது ஒரு நிமிடத்தில் நெஞ்சு எத்தனை முறை ஏறி இறங்குகிறது என்பது, பெரும்பாலும் எண்ணப்படாமலே விடப்படுகிறது. நலமாக இருக்கும் பெரியவருக்கு ஓய்வில் இது 12 முதல் 20 வரை இருக்கும். பிறந்த குழந்தைக்கு 30 முதல் 60 வரை இருந்து, வயது ஏற ஏறக் குறையும்.

மூச்சின் கணக்கு

மூச்சின் வேகத்தை ஆள்வது மூளையின் அடிப்பகுதியிலுள்ள முகுளம். இரத்தத்தில் கரியமில வாயு சற்றே கூடினாலும் அது உணர்ந்து, நெஞ்சையும் வயிற்றையும் பிரிக்கும் தசையாகிய உதரவிதானத்தை விரைந்து இயங்கச் செய்கிறது. பெரியவர் ஒருவர் ஒரு மூச்சில் இழுக்கும் சுமார் 500 மில்லிலிட்டர் காற்றில் 150 மில்லிலிட்டர் மூக்கிலும் தொண்டையிலும் மூச்சுக்குழாயிலுமே நின்றுவிட, மீதமுள்ள 350 மில்லிலிட்டரே, இரத்தம் உயிர்வளியைப் பெறும் நுண்ணறைகளைச் சென்றடைகிறது. நிமிடத்துக்கு 15 மூச்சு எனில் அவற்றுக்குக் கிடைப்பது ஐந்தேகால் லிட்டர். அவரே நோயுற்று, 250 மில்லிலிட்டர் வீதம் 30 முறை மேலோட்டமாக மூச்சு விட்டால், இழுக்கும் மொத்தக் காற்று முன்போலவே ஏழரை லிட்டராக இருந்தாலும், பயன்படுவது 3 லிட்டராகச் சுருங்கிவிடும். வேகமான மூச்சு நிறையக் காற்றைத் தரும் என்ற எண்ணம் எவ்வளவு தவறானது என்பதற்கு இக்கணக்கே போதும்.

வேலூரில் உறுதிப்பட்ட எண்கள்

நுரையீரலில் கிருமி தொற்றி நுண்ணறைகளில் நீர் கோக்கும் நிமோனியாவை, எக்ஸ்ரே இல்லாத கிராமத்தில் எவ்வாறு கண்டறிவது என்பது நெடுங்காலம் பெரும் சிக்கலாக இருந்தது. பப்புவா நியூகினியில் நடந்த ஆய்வு, 50 மூச்சைக் கடந்தால் ஐயுற வேண்டும் என்று வழிகாட்டியது. வேலூர் கிறித்தவ மருத்துவக் கல்லூரியின் தாமஸ் செரியன், ஜேக்கப் ஜான் முதலியோர் 1988-இல் ‘லான்செட்’ இதழில் வெளியிட்ட ஆய்வு, ஒரு வயதுக்குட்பட்ட குழந்தைக்கு 50 பொருந்தினும், அதற்கு மேற்பட்ட சிறுவருக்கு 40-ஐயே எல்லையாகக் கொள்ள வேண்டும் என்று காட்டியது. இன்று உலக சுகாதார நிறுவனம், இரண்டு மாதத்துக்குட்பட்ட குழந்தைக்கு 60, ஒரு வயது நிறையும் வரை 50, ஐந்து வயது நிறையும் வரை 40 என்று வகுத்துள்ளது. இவற்றை எட்டினாலோ கடந்தாலோ அது வேகமூச்சு. ஸ்டெதாஸ்கோப்பைத் தொட்டறியாத தாயும் பயன்படுத்தத்தக்க மருத்துவ அறிவு இதைப்போல் வேறு அதிகம் இல்லை.

எண்ணும்போது குழந்தை அழாமலும் பால் குடிக்காமலும் இருக்க வேண்டும். சட்டையைத் தூக்கி, வயிறோ நெஞ்சோ ஒருமுறை எழுந்து தாழ்வதை ஒரு மூச்சாகக் கொண்டு, முழு ஒரு நிமிடமும் எண்ண வேண்டும். கைக்குழந்தைகள் சில நொடி நிறுத்தி நிறுத்தி மூச்சு விடுவதால், 15 நொடி எண்ணி நான்கால் பெருக்குவது பிழையான விடையைத் தரும். பெரியவரிடமோ, தம் மூச்சை எண்ணுகிறார்கள் என்று அறிந்தவுடனே வேகம் மாறிவிடும். ஆகவே நாடி பார்ப்பதுபோல் கையைப் பிடித்துக்கொண்டு எண்ணுவதே செவிலியர் வழக்கம். விரலில் மாட்டும் ஆக்சிமீட்டர் இரத்தத்தின் உயிர்வளி அளவை 97 எனக் காட்டுகிறதென்று அமைதி கொள்வதும் சரியன்று. அந்த எண்ணைக் காப்பதற்கே உடல் நிமிடத்துக்கு 28 முறை உழைத்துக்கொண்டிருக்கலாம்.

கிழக்கேகோட்டையின் காற்று

திருவனந்தபுரம் கிழக்கேகோட்டையில் பேருந்துப் புகையும், அருகேயுள்ள சாலைக் கடைத்தெருவின் மிளகாய் நெடியும், இடவப்பாதி மழைக்காலத்தில் சுவரில் படரும் பூஞ்சையும் ஆஸ்துமாவைத் தூண்டக்கூடியவை. ஆஸ்துமாவில் மூச்சுக்குழாயின் சிறுகிளைகள் உட்புறம் வீங்கி, சுற்றியுள்ள தசை இறுகுவதால், மூச்சை வெளியே விடும்போது வீசிங் என்னும் சீழ்க்கை ஒலி எழுகிறது. கும்ப மாதத்தில் ஆற்றுக்கால் பொங்காலை நாளன்று, 2009-இல் 25 லட்சம் பெண்கள் கூடியதாகக் கின்னஸ் பதிவு பெற்ற அவ்விழாவில், இப்பகுதித் தெருக்களெங்கும் செங்கல் அடுப்புகளில் காய்ந்த ஓலையும் பாளையும் எரிகின்றன. அப்புகையின் நுண்துகள்கள் மூக்கின் வடிகட்டலைத் தாண்டி நுண்ணறை வரை செல்லும். ஆஸ்துமா இருந்தும் பொங்கலிட விரும்பும் பெண்ணை வீட்டில் இருக்கச் சொல்வதைவிட, தடுப்பு இன்ஹேலரை முந்தைய வாரங்களில் ஒருநாளும் விடாமல் எடுத்து, நிவாரண இன்ஹேலரை இடுப்பில் செருகிக்கொண்டு, அடுப்புக்குக் காற்று வரும் பக்கத்தில் அமரச் சொல்வதே மனிதத்தன்மையுள்ள மருத்துவம். எனினும் அண்மையில் நோய் முற்றியவர் மருத்துவரைக் கேட்டே செல்ல வேண்டும்.

இன்ஹேலர் கடைசிக்கட்ட மருந்து என்றும், பழகினால் விடாது என்றும் நிலவும் அச்சம் பெருந்தீங்கு செய்கிறது. மாத்திரை உடல் முழுதும் பரவ, இன்ஹேலரோ மிகச் சிறிய அளவில் நேரே மூச்சுக்குழாய்க்குச் செல்கிறது. நீல நிற நிவாரண இன்ஹேலரை மட்டும் நம்பியிருப்பது போதாது, வீக்கத்தைத் தணிக்கும் மருந்தும் சேர வேண்டும் என்று 2019-இல் உலக ஆஸ்துமா வழிகாட்டுதல் திருத்தப்பட்டது.

புகைப்பழக்கத்தாலோ பல்லாண்டு விறகடுப்புப் புகையாலோ குழாய்கள் நிரந்தரமாகக் குறுகும் நாள்பட்ட நுரையீரல் அடைப்பு நோயை, ஊதிப் பார்க்கும் ஸ்பைரோமீட்டர் சோதனையே உறுதிசெய்யும். கேரள அரசு இதற்கென ‘ஸ்வாஸ்’ கிளினிக்குகளை நடத்துகிறது.

நுரையீரலுக்கு அப்பால்

படுத்தால் மூச்சுமுட்டி, எழுந்து உட்கார்ந்தால் தணிவது பெரும்பாலும் இதயத் தளர்ச்சி. நீரிழிவு நோயாளி ஆழமாகவும் வேகமாகவும் மூச்சு விட்டு, வாந்தியும் எடுத்தால், இரத்தத்தில் அமிலம் ஏறுகிறது என்று ஐயுற வேண்டும். பதற்றத்தாலும் மூச்சு விரையும். ஆனால் மற்றவை இல்லையென்று தெளியும் முன் அம்முடிவுக்கு வரக்கூடாது.

விலா எலும்புக்குக் கீழே நெஞ்சு உள்வாங்குதல், மூக்குத் துளை விரிதல், உதடு நீலமாதல், குழந்தை பால் குடிக்க இயலாமை, பெரியவர் ஒரு வாக்கியத்தை முடிக்குமுன் மூச்சு வாங்குதல் ஆகியவற்றில் ஒன்று கண்டாலும் 108-ஐ அழைக்க வேண்டும். குழந்தைகளுக்குத் திருவனந்தபுரம் மருத்துவக் கல்லூரி வளாகத்தின் எஸ்.ஏ.டி. மருத்துவமனை உள்ளது. வீட்டில் எண்ணிய மூச்சு வீதத்தையும் மணியையும் ஒரு தாளில் குறித்துக் கொண்டுசெல்வது நன்று; அங்கே போய்ச் சேரும்போது குழந்தை அழுதுகொண்டிருந்தால், மருத்துவருக்குக் கிடைக்கும் நம்பத்தகுந்த எண் அதுவாகவே இருக்கும்.