பேராசிரியர் நியமன வழக்குகள்: நீதிமன்றம் எதை ஆராய்கிறது?

பல்கலைக்கழக ஆசிரியர் பணிக்கு விண்ணப்பித்து வாய்ப்பை இழந்த ஒருவர், தேர்வானவரைவிடத் தாமே தகுதியில் மேம்பட்டவர் என்று கருதி உயர் நீதிமன்றத்தை அணுகுவது இந்தியாவில் நெடுங்காலமாக நிகழ்ந்துவருகிறது. எனினும், இருவருள் யார் சிறந்த அறிஞர் என்ற கேள்விக்கு நீதிமன்றம் பொதுவாக விடை சொல்வதில்லை. தேர்வானவர் தேர்ந்தெடுக்கப்பட்ட முறை சட்டத்துக்கு உட்பட்டதா என்பதையே அது ஆராய்கிறது.

வல்லுநர் கருத்தும் நீதிமன்றமும்

அரசமைப்புச் சட்டத்தின் 226-ஆவது பிரிவு, நீதிப்பேராணைகளைப் பிறப்பிக்கும் அதிகாரத்தை உயர் நீதிமன்றங்களுக்கு வழங்குகிறது. அவற்றுள் ஒன்று, பொதுப் பதவியில் இருப்பவர் எந்தச் சட்ட உரிமையின்பேரில் அதை வகிக்கிறார் என்று கேட்கும் தகுதி வினவும் நீதிப்பேராணை ஆகும். பெங்களூரு சென்ட்ரல் கல்லூரியின் ஆங்கில ஆய்வு ரீடர் நியமனத்தை எதிர்த்து இப்பேராணை கோரப்பட்டபோது, விளம்பரம் கேட்ட முதல் வகுப்போ உயர் இரண்டாம் வகுப்போ நியமிக்கப்பட்டவருக்கு இல்லை என்று கூறி மைசூர் உயர் நீதிமன்றம் நியமனத்தை ரத்து செய்தது. ஆனால், 1963-இல் அந்தத் தீர்ப்பை உச்ச நீதிமன்றம் ஏற்கவில்லை. நியமனக் குழுவினர்மீது தீய நோக்கம் எதுவும் சாட்டப்படாதபோது, கல்வித் துறை வல்லுநர்கள் தெரிவித்த கருத்தில் குறுக்கிட நீதிமன்றம் பெரிதும் தயங்க வேண்டும் என்று நீதிபதி கஜேந்திரகட்கர் விளக்கினார். இவ்வகை வழக்குகளில் இத்தீர்ப்பு இன்றுவரை எடுத்துக்காட்டப்படுகிறது.

நியமனத்தை வீழ்த்தும் பிழைகள்

இத்தயக்கத்துக்கும் எல்லை உண்டு. தேர்வுக் குழு சட்டப்படி அமையாதிருந்தாலோ, தேர்வைப் பாதிக்கும் நடைமுறைப் பிழை வெளிப்படையாகத் தெரிந்தாலோ, தீய நோக்கம் மெய்ப்பிக்கப்பட்டாலோ நீதிமன்றம் தலையிடலாம் என்பதைத் தல்பத் அபாசாகேப் சோலுங்கே வழக்கில் உச்ச நீதிமன்றம் தெளிவுபடுத்தியது. இந்திய வனப் பணிக்கான தேர்வில் ஒரு போட்டியாளரே தேர்வுக் குழுவிலும் அமர்ந்திருந்ததால், 1969-இல் கிரைபக் வழக்கில் அந்தத் தேர்வு ரத்தானது. தன் வழக்குக்குத் தானே நீதிபதியாக இருத்தல் கூடாது என்ற இயற்கை நீதிக் கோட்பாடு பல்கலைக்கழகக் குழுக்களுக்கும் பொருந்தும். தேர்வு தொடங்கிய பின் அதன் விதிகளை இடையில் மாற்றக் கூடாது என்று 2008-இல் மஞ்சுஸ்ரீ வழக்கில் கூறப்பட்டதை, 2024 நவம்பரில் ஐந்து நீதிபதிகள் கொண்ட அரசியல் சாசன அமர்வும் உறுதிப்படுத்தியது.

இடஒதுக்கீட்டைக் கணக்கிடும் முறையும் வழக்குக்கு உள்ளாகியது. பல்கலைக்கழகம் முழுவதையும் ஓர் அலகாகக் கொள்ளாமல் ஒவ்வொரு துறையையும் தனி அலகாகக் கொள்ள வேண்டும் என்று அலகாபாத் உயர் நீதிமன்றம் 2017-இல் தீர்ப்பளித்தது. ஓரிரு பணியிடங்களே உள்ள துறைகளில் ஒதுக்கீட்டு இடம் வருவதே அரிதாகிவிடும் என்ற எதிர்ப்பு வலுத்ததால், 2019-இல் நாடாளுமன்றம் தனிச் சட்டம் இயற்றி, மத்தியக் கல்வி நிறுவனம் முழுவதையும் மீண்டும் ஓர் அலகாக்கியது.

காலம் கடந்த எதிர்ப்பு

குறை உண்மையாக இருந்தாலும் அதை எழுப்பும் நேரம் முக்கியமாகும். சென்னை வளர்ச்சி ஆராய்ச்சி நிறுவனத்தின் ஆசிரியர் நியமனம் தொடர்பான வழக்கில், விளம்பரத்துக்கு ஆட்சேபம் தெரிவிக்காமல் விண்ணப்பித்துத் தேர்விலும் பங்கேற்றவர், தேர்வாகாத பின் அந்த முறையையே குறைகூற இயலாது என்று 2015-இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது.

பதிவே பாதுகாப்பு

பல்கலைக்கழக மானியக் குழுவின் 2018-ஆம் ஆண்டு ஒழுங்குமுறைகளின்படி, உதவிப் பேராசிரியர் பணிக்கான கல்வித் தகுதி மதிப்பெண்கள் நேர்காணலுக்கு அழைப்பதற்கு மட்டுமே பயன்படுகின்றன; இறுதித் தேர்வு நேர்காணலை மட்டுமே சார்ந்தது. ஆய்விலும் கற்பித்தலிலும் பல ஆண்டுகள் ஈட்டிய தகுதி, சில நிமிட உரையாடலின் மதிப்பீட்டுக்குள் அடங்கிவிடும் இந்த அமைப்பில், குழு எதை எடைபோட்டது என்பது எழுத்தில் இல்லையெனில், தேர்வாகாதவருக்குத் தம் குறையை அறிய வழியில்லை. நீதிமன்றத்துக்கும் தேர்வு முறையின் நேர்மையைச் சோதிக்க ஆதாரமில்லை.

வல்லுநர் கருத்துக்கு நீதிமன்றம் அளிக்கும் மதிப்பு, காரணம் சொல்லும் பொறுப்பிலிருந்து பல்கலைக்கழகத்தை விடுவிப்பதாகாது. அளவுகோல்களை முன்கூட்டியே அறிவிப்பதும், விண்ணப்பதாரர்களுடன் தொடர்புடைய குழு உறுப்பினர்கள் விலகி நிற்பதும், ஒவ்வொரு மதிப்பீட்டின் காரணத்தையும் பதிவு செய்வதும் நடைமுறையானால், விண்ணப்பதாரரின் உரிமையும் பல்கலைக்கழகத்தின் தன்னாட்சியும் ஒருங்கே காக்கப்படும்.