வெட்டப்படாத காட்சி

தொலைக்காட்சிப் படக்கருவி இயங்கத் தொடங்கியதும் மனிதரின் பேச்சு மாறிவிடுகிறது. சொற்களைத் தேர்ந்தெடுக்கிறோம், குரலைச் சீராக்குகிறோம். எதிரே அமர்ந்திருப்பவரைவிட, கண்ணுக்குத் தெரியாத பார்வையாளர்களே நம் மனத்தை நிறைக்கிறார்கள். இதைப் பொய் என்று சொல்லிவிட முடியாது. வீட்டிற்கு விருந்தினர் வந்தாலும் இப்படித்தானே பேசுகிறோம்!

இந்தக் கட்டுப்பாடு சில வேளைகளில் உடைந்துபோகும். 1965ஆம் ஆண்டு ஆகஸ்ட் 9ஆம் தேதி சிங்கப்பூர் மலேசியாவிலிருந்து பிரிந்தது. அன்று செய்தியாளர்களைச் சந்தித்த பிரதமர் லீ குவான் இயூ, பேச்சின் நடுவே கண்கலங்கினார். பதிவு ஏறத்தாழ 20 நிமிடங்கள் நிறுத்தப்பட்டது. ஆண்கள் பலர்முன் அழுவது சீனர்களிடையே இழுக்காகக் கருதப்பட்டது. எனவே, அக்காட்சியை வெட்டிவிடும்படி அவர் கேட்டுக்கொண்டார்.

தொலைக்காட்சி நிலைய இயக்குநர் பி. எஸ். ராமன் சென்னையில் பிறந்த தமிழர். வெட்டவே கூடாது என்று அவர் வலியுறுத்தினார். செய்தியாளர்கள் நடந்ததை எப்படியும் எழுதுவார்கள். காட்சியை நீக்கினால், அவர்களுடைய வருணனையில் அது இன்னும் மோசமாகத் தோன்றும் என்றார். பிரதமர் அந்த ஆலோசனையை ஏற்றார். கண்ணீர் அப்படியே ஒளிபரப்பானது. மறைக்க நினைத்த அந்தச் சில நொடிகளைத்தான் சிங்கப்பூரர்கள் இன்றும் நினைவில் வைத்திருக்கிறார்கள்.