நகத்தால் கீறிய படம்

பிலிமில் கீறல் விழுந்தால் ஆபரேட்டருக்குத் திட்டு விழும். டிஜிட்டல் வரும்வரை தியேட்டர் கேபினில் ரீல் ஓட்டியவன் நான். கலர் பிரிண்டின் எமல்ஷன் பக்கம், அதாவது சாய அடுக்குகள் உள்ள பக்கம், லேசாக உரசினால் திரையில் பச்சைக் கோடு ஓடும், ஆழமானால் மஞ்சள், எல்லா அடுக்கும் போய்விட்டால் வெள்ளை. எங்களுக்கு நஷ்டக் கணக்கான இந்தக் கீறலே அமெரிக்கர் ஸ்டான் பிராக்கேஜுக்குத் தொழில்.

1933-இல் பிறந்தவர். கொலராடோ மலைப்பகுதியில் வாழ்ந்து 350-க்கும் மேற்பட்ட படங்கள் எடுத்தார். நட்சத்திரம் இல்லை, வசனம் இல்லை, பெரும்பாலானவற்றில் ஒலியே இல்லை. 'ஐ மித்' பத்து வினாடிகூட ஓடாது. நம் ஊரில் ஹீரோவின் செருப்பைக் காட்டவே அதைவிட நேரம் பிடிக்கும்! அவர் கேமராவும் பிடித்தவர்தான். மனைவியின் முதல் பிரசவத்தைப் படமாக்கிய 1959-ஆம் ஆண்டுப் படம் அமெரிக்க தேசியத் திரைப்படப் பதிவேட்டில் இருக்கிறது.

ஆனால் என்னைப் பிடித்து நிறுத்தியது 1963-இல் செய்த 'மாத்லைட்'. கேமராவே கிடையாது. விளக்கில் விழுந்து செத்த விட்டில்களின் இறகு, பூவிதழ், புல் ஆகியவற்றை இரண்டு ஸ்பிளைசிங் டேப்புகளுக்கு நடுவே வரிசையாக ஒட்டினார். அறுந்த ரீலை ஒட்ட நாங்கள் வைத்திருந்த அதே ஜாதி டேப்தான். அந்தப் பட்டையிலிருந்து லேபில் பிரிண்ட் எடுத்தார்கள்.

'மாத்லைட்' 16 எம்.எம். படம்; அந்த பிலிமில் அடிக்கு 40 பிரேம். நீளமான ஒரு புல் பல பிரேம்களைத் தாண்டிக் கிடக்கும். புரொஜக்டருக்குப் புல்லும் தெரியாது, இறகும் தெரியாது. விளக்குக்கு முன்னுள்ள 'கேட்' சட்டத்தில் வந்து நின்ற துண்டை மட்டும் காட்டிவிட்டு அடுத்ததை இழுக்கும். அதனால் அசையாமல் ஒட்டிய இறகு திரையில் படபடக்கிறது. உள்ளே இருக்கும் நரம்பு வரை தெரிகிறது. ஏறத்தாழ நான்கு நிமிடம், அவ்வளவுதான்.

பிலிம் மேலேயே சாயமும் பூசினார். 1987-இல் வந்த 'தாந்தே குவார்டெட்' பத்து நிமிடம்கூட இல்லை. அதற்கு ஆறு ஆண்டு உழைப்பு. அந்தச் சாயங்களே அவருக்குப் புற்றுநோயைத் தந்திருக்கலாம் என்று சொல்லப்பட்டது. 2003-இல் கனடாவில் இறந்தார். கடைசி நாள்களில் படுக்கையில் கிடந்தபடி, கறுப்பு பிலிமை எச்சிலால் நனைத்து, நகத்தால் கீறிச் செய்ததுதான் 'சைனீஸ் சீரீஸ்'.

இதெல்லாம் புரியுமா என்று கேட்கிறார்கள். எல்லாமே உன்னதம் என்று நானும் சொல்லமாட்டேன். சில படங்கள் கண்ணை வலிக்க வைக்கும். ஆனால் 'மாத்லைட்'டில் புரிவதற்கு ஒன்றும் இல்லை, பார்ப்பதற்குத்தான் இருக்கிறது. பார்க்கிறவர்கள் தயவுசெய்து பின்னணியில் பாட்டு போடாதீர்கள். விளக்கை அணைத்துவிட்டு, முடிந்தவரை பெரிய திரையில், இரண்டு முறை பாருங்கள். முதல் முறை இறகு எது, இதழ் எது என்று தேடுவதிலேயே போய்விடும்.