இணையுலகங்கள் பேசுமா?

யான் தங்கியுள்ள ஏ.எஸ்.ராவ் நகர், 1967இல் ஐதராபாத்தில் இ.சி.ஐ.எல். நிறுவனத்தைத் தோற்றுவித்த விஞ்ஞானியின் பெயர் பூண்டது. ஆதலின், "இணையுலகங்கள் தமக்குள் உரையாடுமா?" என்று நண்பர்கள் வினவினால், கருவி என்ன சொல்கிறது என்றே கேட்கிறேன்.

அணுத்துகளை அளக்கும்போது, நிகழக்கூடிய விளைவுகள் அனைத்தும் தனித்தனிக் கிளையுலகங்களாய் நிகழ்கின்றன என்பது 1957இல் அமெரிக்கரான ஹியூ எவரெட் வெளியிட்ட கொள்கையின் சாரம். குளத்து அலைகள் ஒன்றையொன்று சிதைக்காமற் கடப்பதுபோல், அக்கிளைகளும் ஒன்றையொன்று தீண்டா. குவாண்டம் விதி அத்தகையது.

அவ்விதிக்கு 1989இல் வெயின்பெர்க் சிறு திருத்தம் ஒன்றை ஆராய்ந்தார். அது மெய்யாயின் கிளைகளுக்கிடையே செய்தி அனுப்ப இயலும் என்று 1991இல் போல்ச்சின்ஸ்கி காட்டினார். நுட்பமாய் அளந்தும் அத்திருத்தத்தின் சுவடு கிட்டவில்லை.

ஆகவே நண்பர்களே, கிளையுலகங்கள் இருப்பினும் அங்கிருந்து கடிதம் வாராது. தவறிய தேர்வை இவ்வுலகிலேயே எழுதியாக வேண்டும்!