பெயர் ஏறாத முன்னோடிகளும் ஆவணப் படமும்

கோலசிலாங்கூர் வட்டாரத்தில், முன்னர் பத்தாங் பெர்ஜுந்தை எனப்பட்ட பெஸ்தாரி ஜெயாவை அடுத்து, தென்னமரம் என்னும் தோட்டம் உண்டு. மலாயாவின் முதல் வணிகச் செம்பனைத் தோட்டம் 1917-இல் இங்கேதான் உருவாயிற்று. அதனைத் தோற்றுவித்தவர் ஹென்றி ஃபோகொனியே என்னும் பிரெஞ்சுக்காரர். மலாயாவைக் களமாகக் கொண்டு அவர் எழுதிய நாவல் 1930-இல் பிரான்சின் கோன்கூர் பரிசைப் பெற்றது. துரையின் பெயர் நூலில் நிலைத்தது. மண்ணைக் கொத்திக் கன்று நட்ட தொழிலாளர் பெயர்களோ நூலேறவில்லை. தோட்டத்தின் பெயர் மட்டும் தமிழாக நிற்கிறது.

இத்தகைய குறையை நீக்கவல்ல கருவிகளுள் ஆவணப் படமும் ஒன்று. அதன் தொழில்முறையை அறிய, தமிழர் ஒருவரின் உழைப்பையே சான்றாகக் கொள்ளலாம்.

அ. க. செட்டியார் கோட்டையூரில் 1911-இல் பிறந்தவர். இரங்கூனில் இதழாசிரியராக இருந்தவர். தோக்கியோவிலும் நியூயார்க்கிலும் ஒளிப்படக் கலை பயின்றவர். 1937 அக்டோபர் 2-ஆம் நாள், நியூயார்க்கிலிருந்து அயர்லாந்துக்குக் கப்பலில் செல்லும்போது, காந்தியடிகளின் வாழ்க்கையைப் படமாக்கும் எண்ணம் அவருக்குத் தோன்றியது. புதிதாகப் படம் பிடிப்பதினும், பிறர் முன்னரே எடுத்துச் சிதறிக் கிடந்த படச்சுருள்களைத் தேடுவதே பெரும்பணியாயிற்று. தென்னாப்பிரிக்கா உட்படப் பல நாடுகளில் ஏறத்தாழ ஓர் இலட்சம் மைல் அலைந்து, 50,000 அடிச் சுருளைத் திரட்டினார். அதிலிருந்து 12,000 அடியே படமாயிற்று. 1940 ஆகஸ்டில் சென்னையில் அது வெளிவந்தது.

இதிலிருந்து நாம் அறிவது யாது? ஆவணப் படக்காரன் முதலில் தேடுபவன், பிறகு ஒப்பிட்டுச் சரிபார்ப்பவன், இறுதியிலேதான் படைப்பவன். தேடித் திரட்டியதைப் பேணவும் வேண்டும். செட்டியாரின் தமிழ்ப் படமே பின்னாளில் காணாமற் போயிற்று. அமெரிக்காவில் உருவான ஆங்கில வடிவம்தான் பிற்காலத்தில் அங்கே கண்டெடுக்கப்பட்டது. உலகப் புகழ் பெற்றவரின் படத்துக்கே இந்நிலையென்றால், லயத்தில் வாழ்ந்தவரின் கதை தானாக நிலைக்குமா?

வட சிலாங்கூரில் காலம் கடந்துகொண்டிருக்கிறது. தென்னிந்தியத் தொழிலாளர் மலாயாவுக்கு வருவதை இந்திய அரசு 1938-இல் தடை செய்தது. அதற்கு முன் கங்காணி வழியாக இளைஞராய் வந்து பால்மரம் வெட்டியவர்கள் இன்று இல்லை. அவர்கள் வாய்மொழியைக் கேட்டு வளர்ந்த மக்களே எஞ்சிய சாட்சிகள். அவர்களும் முதுமை எய்திவிட்டனர். இரப்பர் செம்பனையாக மாறிய தோட்டங்களிலிருந்து குடும்பங்கள் பட்டணங்களுக்குப் பெயர்ந்தபோது, படங்களும் கடிதங்களும் திசைக்கொன்றாகச் சென்றன.

தமிழாசிரியர்கள் இதில் செய்யத்தக்கது உண்டு. மாணவர் தம் வீட்டுப் பழைய படத்தைக் காட்டி, அதில் நிற்பவர் யார், எந்தத் தோட்டம், எந்த ஆண்டு எனப் பாட்டியிடம் கேட்டெழுதட்டும். 1942 முதல் 1945 வரை சயாம் இரயில் பாதைக்குச் சென்று திரும்பாதவர் பெயரையும் கேட்கட்டும். சொல்பவர் குரலைப் பதிவு செய்து, பள்ளியிலும் வீட்டிலுமாக இருபடிகள் வைத்தல் நன்று. கோயில் திருவிழா அழைப்பிதழ், பள்ளிச் சேர்க்கைப் பதிவேடு ஆகியவற்றோடு ஒப்பிட்டால் பிழை நீங்கும்.

படம் எடுப்பவர் நாளை வரலாம். அவர் வரும்போது பெயர்களாவது எஞ்சியிருக்க வேண்டும்.