முனியப்பன் என்றால் எந்த முனியப்பன்? பட்டாவில் ஒருவர்... பாத்தியத்தில் இன்னொருவர்!

குந்தாரப்பள்ளி வாரச்சந்தை. வெள்ளிக்கிழமை காலை. ஆடு விற்க வந்தவர்கள், வாங்க வந்தவர்கள், சும்மா வேடிக்கை பார்க்க வந்தவர்கள் என்று கூட்டம் நெரிகிறது. தமிழ், தெலுங்கு, கன்னடம் மூன்றும் ஒரே நேரத்தில் காதில் விழுகிறது.

இந்தக் கூட்டத்தின் நடுவே நின்று, “ஏம்ப்பா முனியப்பா!” என்று ஒரு குரல் கொடுத்துப் பாருங்கள்.

நாலு பேராவது திரும்பிப் பார்ப்பார்கள்!

சந்தையில் இது தமாஷ். சிரித்துவிட்டுப் போய்விடலாம். ஆனால் இதே நாலு முனியப்பன்களும் தாலுகா ஆபீஸ் ஏட்டிலும், சார்பதிவாளர் ஆபீஸ் புத்தகத்திலும், ஓட்டர் லிஸ்டிலும் வரிசையாக உட்கார்ந்திருக்கிறார்களே, அங்கே தமாஷ் இல்லை. ஒருவருடைய நிலம் இன்னொருவர் பெயரில் நிற்கும். உயிரோடு இருப்பவர் ‘காலமானவர்’ ஆகிவிடுவார்!

தாத்தா பெயர் படுத்தும் பாடு

கிருஷ்ணகிரி - ஓசூர் நெடுஞ்சாலையை ஒட்டிய இந்தப் பக்கத்துக் கிராமங்களில் குலதெய்வத்தின் பெயரை வைப்பது வழக்கம். அதோடு தாத்தாவின் பெயர் மூத்த பேரனுக்கு. ‘பேரன்’ என்ற சொல்லே ‘பெயரன்’ என்பதில் இருந்து வந்ததுதானே!

ஒரு கணக்குப் போட்டுப் பாருங்கள். தாத்தா பெயர் முனியப்பன். அவருக்கு 3 மகன்கள்: மாதப்பன், மாரப்பன், முருகன். மூன்று பேரும் தங்கள் மூத்த பையனுக்கு அப்பா பெயரையே வைக்கிறார்கள். ஆக, ஒரே தெருவில் 3 முனியப்பன். தாத்தாவையும் சேர்த்தால் 4.

“அதுதான் இனிஷியல் இருக்கிறதே” என்பீர்கள். இங்கிலீஷில் எழுதினால் மூன்று பேரன்களும் ‘எம்.முனியப்பன்’தான்! பெயரோடு இனிஷியலையும் தமிழில் எழுத வேண்டும் என்று 2021 டிசம்பரில் அரசு உத்தரவு போட்டது. அப்படி எழுதினால் முருகன் மகன் மட்டும் ‘மு.’ என்று தப்பித்துக்கொள்வார். மாதப்பன் மகனும் மாரப்பன் மகனும் தமிழிலும் ‘மா.’தான்.

ஊருக்குள் இதனால் சங்கடம் இல்லை. லாரி முனியப்பன், கடைக்கார முனியப்பன், மேட்டு வீட்டு முனியப்பன் என்று ஜனங்களே பிரித்து வைத்திருக்கிறார்கள். சர்க்கார் ஏட்டுக்குத்தான் லாரியும் தெரியாது, மேட்டு வீடும் தெரியாது.

“பேரு?”

“முனியப்பனுங்க சார்.”

“அப்பா பேரு?”

“மாதப்பனுங்க.”

“எந்த மாதப்பன்?”

இந்தக் கடைசிக் கேள்விக்குக் காகிதத்தில் பதில் இல்லை என்றால், ஆள் நடையாய் நடக்க வேண்டியதுதான்.

1908-லேயே யோசித்த சட்டம்

பத்திரப்பதிவுச் சட்டம் 1908-ல் வந்தது. அதை எழுதியவர்களுக்கே இந்தப் பெயர்க் குழப்பம் தெரிந்திருக்கிறது. பத்திரத்தில் வெறும் பெயரை மட்டும் எழுதினால் போதாது. ஆளின் ‘விவரம்’ வேண்டும் என்கிறது சட்டம். குடியிருக்கும் இடம், தொழில், தகப்பனார் பெயர். தாயின் பெயரைச் சொல்லி அழைக்கப்படுபவராக இருந்தால் தாயின் பெயர்!

பதிவு ஆபீசில் சொத்துப் பத்திரங்களைத் தேட இரண்டு அட்டவணைகள் வைக்க வேண்டும் என்றும் அதே சட்டம் சொல்கிறது. முதல் அட்டவணை ஆட்களின் பெயர் வாரியாக. இரண்டாவது அட்டவணை சொத்து வாரியாக. கட்டணம் கட்டினால் இவற்றை யார் வேண்டுமானாலும் பார்க்கலாம். ஆனால் உயில் புத்தகம் அப்படி அல்ல. எழுதியவர் உயிரோடு இருக்கும்போது அவரோ அவருடைய ஏஜெண்டோதான் நகல் கேட்க முடியும்.

இதில் பெயர் அட்டவணையை மட்டும் நம்பி இறங்கியவர் வசமாக மாட்டிக்கொள்வார். நாலு முனியப்பன்களின் வரவு செலவும் ஒன்றாகக் கலந்து நிற்கும். தன் தாத்தா விற்காத நிலத்தை விற்றுவிட்டதாகத் தெரியும். விற்ற நிலம் இன்னும் இருப்பதாகவும் தெரியும்!

அதனால்தான் இன்று வில்லங்கம் பார்ப்பவர்கள் பெயரைச் சொல்வதில்லை. கிராமத்தின் பெயரையும் சர்வே நம்பரையும் உட்பிரிவு எண்ணையும் சொல்கிறார்கள். பதிவுத்துறையின் இணையதளத்தில் அந்த நம்பரைக் கொடுத்தால், அந்த நிலத்தின் மேல் நடந்த கிரயம், அடமானம், பாகப்பிரிவினை எல்லாம் வரிசையாக வரும். வீட்டில் உட்கார்ந்தே செலவில்லாமல் பார்த்துவிடலாம். மிகப் பழைய வருடங்களுக்கு மட்டும் ஆபீசுக்கே போய் மனுக் கொடுத்துத் தேட வேண்டும்.

அதிலும் ஒரு விஷயம். வில்லங்கச் சான்றில் ‘முனியப்பன்’ என்று இருப்பதைப் பார்த்ததும் “இது நம்ம ஆளுதான்” என்று முடிவுக்கு வந்துவிடக் கூடாது. பத்திர நம்பரைக் குறித்துக்கொண்டு நகல் வாங்கிப் பார்க்க வேண்டும். தகப்பனார் பெயரும் நான்கு எல்லையும் அதில் இருக்கும். (அந்த நான்கு எல்லையிலும் “வடக்கே முனியப்பன் நிலம்” என்று எழுதியிருந்தால், அது அவரவர் தலைவிதி!)

2001-ல் வந்த திருத்தம் இன்னொரு கதவையும் பூட்டியது. பத்திரத்தில் போட்டோவும் கைரேகையும் ஒட்ட வேண்டும் என்று ஆனது. பெயர் ஒன்றாக இருக்கலாம். ரேகை ஒன்றாக இருக்காது. இன்னொருவராக நடித்துப் பத்திரம் பதிவு செய்தால் 7 வருடம் வரை ஜெயில்.

யு.டி.ஆர். காலத்துக் கோளாறு

பட்டா விஷயத்தில் கிராமத்துப் பெரியவர்கள் அடிக்கடி சொல்லும் வார்த்தை ‘யு.டி.ஆர்.’ நிலப் பதிவேடுகளைப் புதுப்பிக்க 1979-ல் தொடங்கி 1980-களில் தமிழ்நாடு முழுவதும் நடந்த வேலை அது. ஊர் ஊராக ஏடுகள் புதிதாக எழுதப்பட்டன. அப்போது ஒரு பெயர் மாறி விழுந்தால், ஒரு தகப்பனார் பெயர் விட்டுப்போனால், அதுவே இன்றைய கம்ப்யூட்டர் பட்டாவரைக்கும் வந்து நிற்கிறது.

நிலத்தில் உழுகிறவர் ஒரு முனியப்பன். பட்டாவில் இருப்பவர் இன்னொரு முனியப்பன். முப்பது நாற்பது வருடம் யாருக்கும் தெரியாது. கடன் வாங்கப் போகும்போதோ, ரோட்டுக்கோ தொழிற்சாலைக்கோ நிலம் எடுத்து நஷ்டஈடு கொடுக்கும்போதோதான் குட்டு வெளிப்படும். ஓசூர், சூளகிரி பக்கம் நிலத்துக்கு ஏறியிருக்கும் விலையில், ஒரு எழுத்துக்கு எத்தனை லட்சம் என்று யோசித்துக்கொள்ளுங்கள்.

சரிசெய்ய வழி இருக்கிறது. 1983-ம் வருடத்துப் பட்டா பாஸ் புத்தகச் சட்டப்படி முதலில் தாசில்தார். அவர் உத்தரவு பிடிக்காவிட்டால் ஆர்.டி.ஓ.விடம் அப்பீல். அதற்கு மேல் டி.ஆர்.ஓ. ‘பாத்தியமே என்னுடையது’ என்று இருவரும் அடித்துப் பேசினால் சிவில் கோர்ட்டுதான்.

மனுவோடு கொண்டுபோக வேண்டியது கண்ணீர் அல்ல. மூலப் பத்திரம், பழைய ‘அ’ பதிவேட்டு நகல், கந்தாய ரசீது. யு.டி.ஆருக்கு முந்தைய ஏட்டில் யார் பெயர் என்பதுதான் பெரும்பாலும் விஷயத்தைத் தீர்க்கும்.

அந்தப் பழைய ஏட்டைத் தேடும்போது மாவட்டத்தின் பெயரும் காலை வாரும். கிருஷ்ணகிரி மாவட்டம் பிறந்தது 2004 பிப்ரவரி 9-ந் தேதி. அதற்கு முன்னால் தர்மபுரி மாவட்டம். 1965 அக்டோபருக்கு முன்னால் சேலம் ஜில்லா! தாத்தா காலத்துப் பத்திரத்தில் “சேலம் ஜில்லா, கிருஷ்ணகிரி தாலுகா” என்று இருந்தால் அது வேறு ஊர் முனியப்பன் என்று நினைத்துத் தூக்கிப் போட்டுவிடாதீர்கள்.

எல்லையைத் தாண்டினால் ‘பின்’

எல்லைக்கு அந்தப் பக்கம் சொந்தபந்தமும் நிலபுலனும் உள்ளவர்களுக்கு இன்னும் ஒரு சுற்று இருக்கிறது. இங்கே முனியப்பனாக இருந்தவர் கர்நாடக ஏட்டில் ‘முனியப்பா’ ஆகிவிடுவார். அங்கே இனிஷியல் வேலை செய்யாது. “முனியப்பா பின் மாதப்பா” என்று எழுதுவார்கள். ‘பின்’ என்றால் மகன். பெண்களின் பெயரில் ‘கோம்’ என்று வந்தால் மனைவி. அங்கே நில ஏட்டுக்குப் ‘பஹணி’ என்று பெயர். பெயர் சற்று மாறினாலும் தகப்பனார் பெயர் முழுசாக இருப்பதால், சில நேரம் அந்த ஏட்டில் ஆளைக் கண்டுபிடிப்பது இங்கேவிட சுலபம்.

லிஸ்டில் தேடிய கதை

2025 நவம்பரில் தமிழ்நாட்டு ஓட்டர் லிஸ்டில் சிறப்புத் தீவிரத் திருத்தம் தொடங்கியது. 2002 அல்லது 2005 லிஸ்டில் உன் பெயரைக் காட்டு, இல்லையென்றால் அப்பா அம்மா பெயரைக் காட்டு என்றது படிவம்.

அப்போதுதான் பல வீடுகளில் பழைய லிஸ்டைப் பிரித்தார்கள். பிரித்தால், பக்கத்துக்குப் பக்கம் ஒரே பெயர்! தொகுதியும் வேறு. இந்தப் பகுதியின் வேப்பனஹள்ளி தொகுதி 2008 மறுசீரமைப்பில் உருவானது. முதல் தேர்தல் 2011-ல். 2002 லிஸ்டில் அந்தப் பெயரில் தொகுதியே கிடையாது. பழைய தொகுதி, பழைய பாகம், வீட்டு நம்பர், அப்போதைய வயது என்று ஒவ்வொன்றாக ஒட்டிப் பார்த்துத்தான் “இது நம்ம அப்பா” என்று சொல்ல முடிந்தது. வீட்டில் யாரிடமாவது பழைய ஓட்டர் கார்டு இருந்தால் ஐந்து நிமிஷத்து வேலை.

டிசம்பர் 19-ந் தேதி வரைவுப் பட்டியல் வந்தபோது சுமார் 97 லட்சம் பெயர்கள் இல்லை. அதில் ஒன்றுக்கு மேற்பட்ட இடத்தில் பதிவு என்று எடுத்தவை சுமார் 3 லட்சத்து 39 ஆயிரம். இறந்தவர்கள் என்று எடுத்தவை சுமார் 27 லட்சம். பெயர் விட்டுப்போனவர்கள் படிவம் 6 கொடுக்க வேண்டியிருந்தது. ஒரே தெருவில் இரண்டு முனியப்பன் இருந்து, ஒருவர் காலமாகி இருந்தால், மற்றவர் தன் பெயர் இருக்கிறதா என்று ஒரு தடவைக்கு இரண்டு தடவை பார்த்துக்கொள்வது நல்லது.

பலாப்பழமும் ஐந்து பன்னீர்செல்வங்களும்

சாதாரண ஜனங்களுக்கு மட்டும்தான் இந்தப் பாடு என்று இல்லை. 2024 பாராளுமன்றத் தேர்தலில் ராமநாதபுரத்தில் முன்னாள் முதல்-அமைச்சர் ஓ.பன்னீர்செல்வம் சுயேச்சையாக நின்றார். அதே தொகுதியில் மேலும் 5 ஓ.பன்னீர்செல்வங்கள் மனுத் தாக்கல் செய்தார்கள். இனிஷியலும் அதே ‘ஓ’! அவர் பலாப்பழம் சின்னத்தைக் காட்டிக் காட்டியே ஓட்டுக் கேட்டார். 3 லட்சத்து 42 ஆயிரத்து 882 ஓட்டு வாங்கி இரண்டாவதாக வந்தார்.

கேரளத்தில் இதைவிடக் கொடுமை. 2004-ல் ஆலப்புழையில் காங்கிரசின் வி.எம்.சுதீரன் 1,009 ஓட்டில் தோற்றார். அங்கே நின்ற வி.எஸ்.சுதீரன் என்ற சுயேச்சைக்கு விழுந்தது 8,282 ஓட்டு!

ஒரே பெயர்க்காரர்கள் நின்றால் தொழிலையோ ஊரையோ சேர்த்துப் பிரித்துக் காட்ட வேண்டும் என்று தேர்தல் விதி சொல்கிறது. 2015 மே மாதம் முதல் வேட்பாளரின் போட்டோவும் ஓட்டு மெஷினில் வந்துவிட்டது. இப்படி நிற்பதையே தடுக்க வேண்டும் என்று ஒருவர் 2024 மே மாதம் சுப்ரீம் கோர்ட்டுக்குப் போனார். பெற்றோர் வைத்த பெயருக்காக ஒருவரைத் தேர்தலில் நிற்காதே என்று எப்படிச் சொல்வது என்று கேட்டு, கோர்ட்டு விசாரிக்க மறுத்துவிட்டது.

மாப்பிள்ளை மேல் கேஸா?

இப்போது புதிதாக ஒரு தலைவலி. கோர்ட்டு வழக்குகளை இணையதளத்தில் பெயர் கொடுத்தே தேடலாம். பெண் கொடுப்பவர்கள் தேடுகிறார்கள். வேலை கொடுப்பவர்களும் தேடுகிறார்கள். மாப்பிள்ளையின் பெயரைத் தட்டினால் நாலு வழக்கு வந்து நிற்கும். அடிதடி ஒன்று, செக் மோசடி ஒன்று. பையனுக்கோ ஒன்றும் தெரியாது. அது பக்கத்து ஊர்க்காரர் மேல் உள்ள கேஸ்!

ஒவ்வொரு வழக்குக்கும் 16 இலக்க எண் ஒன்று இருக்கிறது. அதைப் பிடித்து உள்ளே போனால் எந்தக் கோர்ட்டு, எந்தப் போலீஸ் ஸ்டேஷன் என்பது தெரியும். தகப்பனார் பெயர், வயது தெரிய உத்தரவின் நகலைப் படிக்க வேண்டும். அதைப் படிக்காமல் “பையன் மேல் கேஸ் இருக்காம்” என்று சொல்லிவிட்டால், அந்தப் பேச்சைத் திரும்ப வாங்க எந்த ஆபீசிலும் மனு கிடையாது.

மாலைப் பேப்பரில் ஒருவர் பெயருக்குப் பக்கத்தில் வயதையும் தெருவையும் தகப்பனார் பெயரையும் போடுகிறார்களே, வயதைத் தெரிந்துகொள்ள யார் ஆசைப்பட்டார்கள்? அதே தெருவில் உள்ள இன்னொரு முனியப்பன் மறுநாள் காலையில் டீக்கடையில் தலைகாட்ட வேண்டுமே, அதற்காகத்தான்.

ஓசூர் கம்பெனிகளில் இந்தத் தொல்லைக்கு ரொம்ப நாளாகவே ஒரு வழி வைத்திருக்கிறார்கள். அங்கே டோக்கன் நம்பர். பி.எப். பணத்துக்கும் 2014 முதல் 12 இலக்க யு.ஏ.என். நம்பர் வந்துவிட்டது. கம்பெனி மாறினாலும் அது மாறாது. ஷிப்ட் முடிந்து கம்பெனி பஸ்ஸில் குந்தாரப்பள்ளி கூட்ரோட்டில் இறங்கும் வரை முனியப்பன் ஒரு நம்பர். இறங்கி நாலு அடி நடந்ததும் யாரோ “முனியப்பா!” என்று கூப்பிடுகிறார்கள். இவரும் திரும்புகிறார். இன்னும் இரண்டு பேரும் திரும்புகிறார்கள்.