இணக்கமாகப் பிரிவோரும் மணமுறிவுச் சட்டமும்

கப்பலேறியவரின் வரவை எண்ணி வாழும் வீடுகள் துறைமுகப் பட்டினங்களிலெல்லாம் உண்டு. திருகோணமலை அதற்கு விலக்கன்று. ஆனால் ஒரே கூரையின்கீழ் இருந்தபடியே பிரிந்துவிடும் தம்பதிகளும் உளர். அவர்களிடையே கூச்சல் இராது. "சாப்பிட்டீர்களா?" என்ற கேள்வி இருக்கும், விடை கேட்க ஒருவரும் நிற்பதில்லை. விருந்தினரை இருவரும் சேர்ந்தே வரவேற்பர், அயலார் மெச்சுவர். இத்தகையோர், பிள்ளைகளின் செவியில் ஒரு கடுஞ்சொல்லும் விழாமல் பிரிவோம் என்று தீர்மானித்து மாவட்ட நீதிமன்றத்தை நாடினால் நேர்வது யாது?

பொதுச் சட்டப்படி மணந்தோர்க்கு 1907ஆம் ஆண்டின் விவாகப் பதிவுக் கட்டளைச் சட்டம் வகுத்த காரணங்கள் மூன்றே: சோரம், வன்மத்தோடு கைவிட்டுச் செல்லல், மணவேளையிலேயே இருந்த தீராத மலட்டுத்தன்மையன்று, கூடி வாழவியலாத உடற்குறை. இருவரின் சம்மதம் அவற்றுள் இல்லை. ஒருவர் குற்றஞ்சாட்டியே ஆகவேண்டும். மூதூர், கிண்ணியா முஸ்லிம்களுக்கு 1951ஆம் ஆண்டுச் சட்டமும் காதி நீதிமன்றமும் தனி வழி.

ஆகவே பண்போடு பிரிய வந்தவர்கள் பெரும்பாலும் 'வன்மத்தோடு கைவிடல்' என்பதையே பற்ற நேர்கிறது. இங்கு வன்மம் என்பது பகையன்று. நியாயமான காரணமின்றி, மணவாழ்வை முறிக்கும் எண்ணத்தோடு நடத்தல் என்பதே பொருள். வீட்டைவிட்டு வெளியேறியவர்தாம் கைவிட்டவர் என்பதுமில்லை. வெளியேறும்படி நடந்துகொண்டவர் வீட்டிலேயே இருந்தாலும், கைவிட்டவர் அவரே எனச் சட்டம் கொள்ளும். அதனால் முன்பு நயமாக எழுதிய கடிதமும் சான்றாகிறது. மறக்க நினைத்த மௌனங்களுக்கெல்லாம் தேதி குறிக்க நேர்கிறது. கசப்பு பெருகுவது இங்கேதான்.

ஏழாண்டு பிரிந்திருந்தாலே போதாதா என்ற கேள்வி உயர் நீதிமன்றம் வரை சென்றது. தென்னக்கோன் வழக்கில் 1986இல், குற்றம் நிறுவப்பட்டாலன்றி மணமுறிவு இல்லையென அது தீர்த்தது. விந்தை என்னவெனில், 1952ஆம் ஆண்டின் கண்டியச் சட்டம் இருவரின் சம்மதத்தையே ஒரு காரணமாக ஏற்றது. இந்தியாவில் இந்துக்களுக்கு 1976இல் அவ்வழி திறந்தது.

இணக்கமாய்ப் பிரிவோர்க்கு இன்னுமோர் அச்சமும் உண்டு. இருவரும் ஒத்துப்பேசித் தொடுத்த வழக்கெனத் தெரிந்தால் அது தள்ளுபடியாகும். முதலில் கிடைப்பது நிபந்தனைத் தீர்ப்பே. மூன்று மாதமேனும் கழிந்தபின்பே அது முடிவாகும். அதற்கிடையில், இது கூட்டுச்சதியால் பெற்றது என்று வேறொருவர் வந்து காட்டவும் இடமுண்டு. அந்நாள்களில் அவர்கள் கடற்கரையில் சந்தித்துப் பிள்ளைகளைப் பற்றி அமைதியாகப் பேசினாலும், பார்ப்பவர் என்ன நினைப்பாரோ என்று தயங்கவேண்டியிருக்கிறது.